திட்டத் தெரியாத சித்தி

போன ஞாயிற்றுக்கிழமை நாமக்கல்லில் மேட்னி ஷோ போனேன். கூட வந்தவள் சுமதி — என் கணவரின் மூத்த தாரத்து மகள். ஒன்பது வயது. நான் அந்த வீட்டுக்கு வந்து இரண்டு வருஷமாகிறது.

என்ன கதை என்று விசாரிக்காமல் போனது என் தப்பு. உட்கார்ந்து பார்த்தால்... சித்திக் கதை!

பள்ளிக்கூட நாளிலிருந்தே நான் சினிமாப் பைத்தியம். எனக்குத் தெரிந்த சித்திகள் எல்லோருமே திரையில் பார்த்தவர்கள்தான். அதில் இரண்டே ரகம். ஒருத்தி குழந்தைக்கு ஊசிப்போன சோற்றைப் போட்டுவிட்டுத் தான் முறுக்கு தின்பாள். இன்னொருத்தி தெய்வம் — கடைசி ரீலில் குழந்தைக்காக உயிரை விடுவாள்.

கல்யாணம் நிச்சயமானபோது யோசித்தேன். முதல் ரகம் ஆகக்கூடாது. இரண்டாவதில்... சாக வேண்டியிருக்கிறதே? சரி, கடைசி ரீலை மட்டும் விட்டுவிட்டுத் தெய்வமாக இருந்துவிடலாம் என்று முடிவு செய்தேன்.

அப்படித்தான் இருந்தேன். சுமதி எண்ணெய்த் தூக்கைக் கவிழ்த்தால் ஒரு புன்னகை. கணக்கில் முட்டை வாங்கினால் தலையில் ஒரு தடவல். அவளுக்குச் சூடான தோசை, ஆறினது எனக்கு. லாரி பாடி கட்டும் பட்டறையில் வேலை செய்யும் என் கணவர்கூட, பிள்ளையை ஒரு வார்த்தை சொல்லவே மாட்டாயா என்று கேட்டுப் பார்த்தார். எனக்குப் பெருமை தாங்கவில்லை. அசடு, அசடு.

அன்றைக்குத் திரையில் சித்திக்காரி குழந்தையை வெளியே தள்ளிக் கதவைத் தாழ்ப்பாள் போட்டாள். பெஞ்ச் டிக்கெட்டில் இருந்தவர்கள் அவள் பரம்பரையையே வைதார்கள். நான் நாற்காலிக்குள் ஒடுங்கினேன். பக்கத்து சீட் அம்மாள், இவளுக்கெல்லாம் நல்ல சாவு வராது என்று என்னிடம் சொன்னார். தலையாட்டி வைத்தேன். வேறென்ன செய்ய?

இடைவேளை. கடலை வாங்கித் திரும்புகிறேன்... சுமதியைக் காணோம். வாசலுக்கு ஓடினால், எதிர்ப்பக்க ஐஸ் வண்டியைப் பார்த்துக்கொண்டே ரோட்டைக் கடக்கிறாள். ஒரு லாரி கிறீச்சென்று பிரேக் போட்டு, அவளுக்கு ஒரு முழம் தள்ளி நின்றது.

கையைப் பிடித்து இழுத்து வந்தேன். அப்புறம் வாயைத் திறந்தேன்.

"எருமெ! லாரி வாரது கண்ணுக்குத் தெரியலயா? உனக்கு ஒண்ணுன்னா நான் எங்கடி போறது?"

அதோடு நின்றேனா? என் அம்மா என்னைத் திட்டிய திட்டெல்லாம் வரிசை கட்டி வந்தது. பாதியில்தான் உறைத்தது — சுற்றி நிற்கிற கூட்டம் இப்போதுதானே ஒரு சித்தியை வைதுவிட்டு வெளியே வந்திருக்கிறது? பக்கத்து சீட் அம்மாள் என்னை நோக்கி வந்தார். தொலைந்தேன் என்று நினைத்தேன்.

"உடுங்க சாமி. பெத்த வயிறு... பதறத்தானே செய்யும்."

நான் அவரைத் திருத்தவில்லை. சுமதியும் திருத்தவில்லை.

சாயங்காலம் அவள் பக்கத்து வீட்டுச் சிறுமியிடம் பேசிக்கொண்டிருந்தது ஜன்னல் வழியே கேட்டது. தினமும் அம்மாவிடம் திட்டு வாங்கும் பெண் அது.

"எங்கம்மாவும் வைவாங்க, தெரியுமா? உங்கம்மாவ உட சத்தமா."

என்னிடம் பேசும்போது நான் சின்னம்மாதான், இன்றுவரைக்கும். ஆனால் அந்தக் குரலில் அத்தனை பெருமை. இரண்டு வருஷமாக இந்தத் தெய்வம் அவளை விருந்தாளியாகவே வைத்திருந்திருக்கிறது.

சினிமாக்காரர்களே, நல்ல சித்தியைக் காட்ட அவளைச் சாகடிக்க வேண்டாம். ஹோம் ஒர்க் எழுதாததற்கு நன்றாகக் கத்தவிடுங்கள், போதும்.

எனக்கு ஒரு வாரமாகத் தொண்டை கட்டியிருக்கிறது.