மடங்காத மோதிர விரல்

தங்கையின் கல்யாணத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது அவளுடைய மோதிர விரலை நான் நசுக்கினேன். யுத்தம் தொடங்குவதற்கு முந்திய வருஷம். பலகாரத்துக்கு அரிசி இடித்துக்கொண்டிருந்தோம். ஓர் உரல், இரண்டு உலக்கை, மாறி மாறிக் குத்து. அவளோ நாலு குத்துக்கு ஒரு தரம் நிறுத்தி, மாப்பிள்ளை வீட்டார் போட்ட மோதிரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மாவைத் தள்ளிவிட உரலுக்குள் கை வைத்தாள். கை வெளியே வரட்டும் என்று பொறுத்திருக்கலாம். பொறுக்கவில்லை. உலக்கை சறுக்கி, உரல் விளிம்போடு சேர்த்து விரலை நசுக்கியது.

தோல் கிழியவில்லை. நகத்தடியில் இரத்தம் கட்டி விரல் நீலம் பாய்ந்தது. அவள் பின்வளவுக்கு ஓடி, அதை ஒட்டிக் கிடந்த வாவித் தண்ணீருக்குள் கையை வைத்தாள். அதுதான் சரியான வைத்தியம். பெரிய கெட்டிக்காரி நான், அவளை இழுத்துவந்து சுடச்சுட எண்ணெய் போட்டு உருவினேன்.

“அக்கா, விரல் வீங்குது. மோதிரத்தக் கழட்டுவம்.”

“சும்மா இரு புள்ள. ரத்தம் கண்டின காயந்தானே, நாளைக்கு வத்திரும். கல்யாணத்துக்கு முதல் கழட்டினா அபசகுனம்.”

சகுனம் ஒரு சாட்டு. வெறும் விரலைக் கண்டால் என்ன நடந்தது என்று ஊர் கேட்கும். அந்தப் பயம்தான் எனக்கு.

மூன்றாம் நாள் விரல் கறுத்துவிட்டது. தட்டார் வந்து மோதிரத்தை வெட்டி எடுத்தார். “அடிபட்ட உடன கழட்டியிருந்தா ஒரு கிழமையில ஆறியிருக்கும்” என்றார். விரல் தப்பியது. ஆனால் நடு மூட்டு பிறகு மடங்கவேயில்லை.

இப்போது பேரப்பிள்ளைகள் விரலை நசுக்கிக்கொண்டு வந்தால் முதலில் மோதிரத்தைக் கழற்றுவேன். குளிர்ந்த தண்ணீரில் வைத்து, கையை உயர்த்திப் பிடித்து, மடக்கி நீட்டச் சொல்வேன். மடங்காவிட்டால் ஆஸ்பத்திரி. தங்கை இறந்துபோய்விட்டாள், அவளுக்கு உதவாத அறிவு.

கதவு நசுக்கியது என்றே அவள் மாப்பிள்ளையிடம் சொல்லியிருந்தாள். கல்யாணம் முடிந்து, எங்கள் பக்க வழக்கப்படி அவர் எங்கள் வீட்டுக்கே குடிவந்தார். தோணி கட்டுகிறவர். வந்த கிழமையே சீவுளியோடு வாசலில் உட்கார்ந்தார்.

“இந்தக் கதவா மச்சாள்?”

“ஓம்” என்றேன்.

இன்னொருவர் விரல் நசுங்கக் கூடாதென்று விளிம்பு முழுவதையும் வழவழவென்று சீவினார். தங்கை அடுப்படியிலிருந்து என்னைப் பார்த்தாள். நான் குனிந்து சீவல்களைப் பொறுக்கினேன்.