பக்க எண் போன நூற்றுப் பன்னிரண்டு தாள்கள்

கல்லூரி வாசலுக்கு எதிரே, மருந்துக்கடைக்கும் சைக்கிள் கடைக்கும் நடுவே ஒடுங்கி நிற்கிறது அந்த ஜெராக்ஸ் கடை. அதில் பதினொரு வருடமாக நின்றுகொண்டே வேலை பார்ப்பவரை ஊரே ஜெராக்ஸ் அக்கா என்றுதான் கூப்பிடும். அக்காவும் யாரையும் பெயர் சொல்லி அழைத்ததில்லை. ஒரு தாள் நகலெடுக்க வந்து ஒன்பது கேள்வி கேட்பவர் 'விசாரணை'. வந்ததும் வராததுமாகக் கடிகாரத்தைப் பார்ப்பவர் 'பஸ் போயிடும்'. எட்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவர் அக்கா. கையால் தொட்ட தாள்கள் லட்சக்கணக்கில் இருக்கும். உட்கார்ந்து படித்தது ஒன்றுகூட இல்லை.

ஒரு சனிக்கிழமை காலை, தத்துவம் சொல்லிக் கொடுக்கும் பேராசிரியை ஒரு கட்டைக் கொண்டுவந்தார். தத்துவத்துக்கு அறிமுகமாக, பல வருடம் உழைத்து அவரே தட்டச்சு செய்த நூற்றுப் பன்னிரண்டு தாள்கள்.

"வேற பிரதி கிடையாதும்மா. திங்கக்கிழமை காலையில வந்து ஒரு தடவ பாத்துக்கறேன். அப்புறம் நாப்பது செட் போடுங்க. பரீட்சைக்குப் பசங்க இதைத்தான் நம்பியிருக்காங்க."

அக்காவுக்கு ஒரு வழக்கம் உண்டு. ஓரம் பிசிறிய பழைய தாள்கள் மெஷினுக்குள் போனால் சிக்கிக்கொள்ளும். அதனால் முதலில் வெட்டுக் கத்தியில் வைத்து அடி ஓரத்தை ஒரு விரல் அகலம் சீவிவிடுவார். கடைக்கு வரும் தாள்களில் பெரும்பாலும் பக்க எண் தலைமாட்டில் இருக்கும். இந்தக் கட்டில் மட்டும் அது கால்மாட்டில் இருந்தது. கத்தி இறங்கியது. சீவிய கீற்றுகள் குப்பைச் சாக்குக்குள் போயின, சாக்கு வண்டியில் ஏறியது. பிறகு கட்டைத் தூக்கும்போது முழங்கை மேசையில் இடித்தது. தாள்கள் தரையெங்கும் பரவின.

குனிந்து பொறுக்கியபோதுதான் அக்கா பார்த்தார். ஒரு தாளிலும் எண் இல்லை.

ஏற்கெனவே இரண்டு வேலைகள் கெட்டிருந்தன. "இன்னொண்ணு கெட்டுச்சுன்னா நான் வேற ஆளப் பாத்துக்குவேன்" என்று முதலாளி முகத்துக்கு நேராகவே சொல்லியிருந்தார். அவர் வருவதற்குள் கட்டைப் பையில் திணித்தார் அக்கா. அன்று மாலை அது வீடு வந்து சேர்ந்தது.

ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் கூடத்துத் தரை முழுக்கத் தாள். கொத்து வேலை செய்யும் அவர் கணவர் காபி டம்ளரோடு வாசற்படியிலேயே நின்றுவிட்டார்.

"நடக்க எடம் விடுவியா, இல்ல பறந்து போகணுமா?"

"மிதிச்சீங்கன்னா என் வேல போயிடும். அப்படியே நில்லுங்க."

பாதி வாக்கியத்தில் முடிந்த தாள்கள் தொல்லை தரவில்லை. மீதி வாக்கியம் எங்கே ஆரம்பிக்கிறது என்று தேடிப் பிடித்தால் போதும். மதியத்துக்குள் எழுபது தாள் சேர்ந்துவிட்டன. மிச்சமிருந்தவை முற்றுப்புள்ளியில் முடிந்தவை. எதற்குப் பின்னால் எது என்று எப்படிச் சொல்வது? வேறு வழியில்லாமல் அக்கா படிக்க உட்கார்ந்தார்.

தாள்களில் வந்த தத்துவ அறிஞர்களின் பெயர்கள் வாயில் நுழையவில்லை. வாடிக்கையாளர்களுக்கு வைப்பதுபோலவே இவர்களுக்கும் பட்டப்பெயர் வைத்தார். ஒரே ஆற்றில் இரண்டு முறை இறங்க முடியாது, அதற்குள் தண்ணீரும் மாறிவிடும் ஆளும் மாறிவிடுவான் என்றவர் 'ஆத்துக்காரர்'. ஊரில் போவோர் வருவோரையெல்லாம் நிறுத்திக் கேள்வி கேட்டுக் கடைசியில் விஷம் குடிக்க வேண்டிவந்த கிழவருக்கு, கொஞ்சம் யோசித்து, 'பெரிய விசாரணை' என்று வைத்தார்.

"இங்க ஒருத்தர் எல்லாத்தையும் சந்தேகப்படுறாரு," என்றார் கணவரிடம். "இது என் கைதானா, இல்ல கனவான்னு கேக்குறாரு."

"நம்ம சைட்டுக்கு வரச் சொல்லு. ரெண்டு மூட்ட சிமெண்ட் தூக்கினா கை யாருதுன்னு தெரிஞ்சிடும்."

"சிரிக்காதீங்க. சந்தேகப்பட்டுக்கிட்டே போனவரு ஒரு எடத்துல நிக்கிறாரு. சந்தேகப்பட ஒரு ஆளு வேணுமில்ல? அந்த ஆளு இருக்கான். அத மட்டும் சந்தேகப்பட முடியலையாம்."

கணவர் டம்ளரைக் கீழே வைத்தார். "அட. அடி கல்லு கிடைக்கிற வரைக்கும் தோண்டியிருக்காரு மனுஷன்." தாள்களை மிதிக்காமல் சுவரோரமாக வந்து அவரும் உட்கார்ந்தார்.

அதற்குப் பிறகு வேலைக்கு ஒரு பிடி கிடைத்தது. இவர்கள் யாரும் தனியாகப் பேசவில்லை, ஒருவருக்கொருவர் பதில் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள் என்பது அக்காவுக்குப் பிடிபட்டது. பதில் சொல்பவர் கேள்வி கேட்டவருக்கு முன்னால் வர முடியாது. அவ்வளவுதான் கணக்கு. அக்கா படிக்கப் படிக்க, கணவர் அடுக்கினார்.

கடைசியில் ஒரே ஒரு தாள் நின்றது. பிறக்கும்போது மனசு வெறும் வெள்ளைத்தாள், கண்டதும் கேட்டதும் பட்டதும்தான் அதில் பதிகின்றன என்று அதில் ஒருவர் சொல்லியிருந்தார். மெஷினில் தினமும் வெள்ளைத்தாள் அடுக்குகிற அக்காவுக்கு அவரைப் பார்த்ததுமே பிடித்துப்போயிற்று. முன்னால் எங்கோ வேறொருவர், பிறக்கும்போதே நமக்கு எல்லாம் தெரியும், மறந்துவிட்டோம், சரியாகக் கேட்டால் ஞாபகம் வந்துவிடும் என்று சொன்னது நினைவுக்கு வந்தது. வெள்ளைத்தாள்காரரைக் கொண்டுபோய் அந்த ஞாபகக்காரருக்கு அடுத்து வைத்தார். அது முப்பத்தேழாவது தாள். பேனா எடுத்து எல்லாத் தாளிலும் தலைமாட்டில் எண் போட்டார்.

திங்கட்கிழமை காலை பேராசிரியை வந்தபோது முதலாளி கல்லாவில் இருந்தார். மறைத்துவிடலாம் என்று ஒரு கணம் தோன்றத்தான் செய்தது. ஆனால் அந்தத் தாள்களோடு ஒரு நாள் முழுக்க இருந்துவிட்டுப் பொய் சொல்ல வாய் வரவில்லை.

"மேடம், கீழ இருந்த நம்பரையெல்லாம் வெட்டிட்டேன். அப்புறம் கலைஞ்சும் போச்சு. நேத்து வீட்ல வெச்சுப் படிச்சுப் பாத்து அடுக்கியிருக்கேன்."

முதலாளி எழுந்து நின்றார். பேராசிரியை கட்டை வாங்கிப் புரட்ட ஆரம்பித்தார். முப்பத்தேழில் விரல் நின்றது.

"இது இங்க வராதும்மா. இன்னும் நாப்பது பக்கம் தள்ளிப் போகணும்."

"அவருக்குத்தானே மேடம் இவரு பதில் சொல்றாரு?"

"பதில்தான். ஆனா இவர் ரெண்டாயிரம் வருஷம் கழிச்சு வந்தவர்."

"ஒரு பதில் சொல்றதுக்கா அவ்வளவு நாளாச்சு?"

பேராசிரியை வாய்விட்டுச் சிரித்தார். பிறகு மிச்சத் தாள்களையும் கடைசிவரை புரட்டிப் பார்த்துவிட்டு, அந்தத் தாளையும் அதற்கு முந்தைய தாளையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்து நின்றபடியே படித்தார். முதலாளி தொண்டையைக் கனைத்தார்.

"மேடம், வேணும்னா வேற ஆள வெச்சு..."

"எதுக்கு? நூத்துப் பன்னெண்டுல நூத்துப் பதினொண்ணு நான் வெச்ச எடத்துலயே இருக்கு. மிச்சம் ஒண்ணு நான் வெச்சத விட நல்ல எடத்துல இருக்கு. இப்படியே நாப்பது போடச் சொல்லுங்க." அக்காவின் பக்கம் திரும்பினார். "நாப்பத்தொண்ணு. ஒண்ணு உங்களுக்கு."

முதலாளி உட்கார்ந்துவிட்டார். அக்கா மெஷினின் மூடியைத் திறந்து முதல் தாளை வைத்தார்.

வேலை இன்றைக்கும் அவர் கையில்தான் இருக்கிறது. வருடாவருடம் அந்தக் கட்டு அதே வரிசையில், அதே பேனா எண்களோடுதான் நகலாகிறது. போன வருடம் கிராமத்திலிருந்து வந்து அந்தக் கல்லூரியில் சேர்ந்த அவருடைய அக்கா மகன், குடும்பத்தில் முதல்முதலாகக் கல்லூரி வாசலை மிதித்தவன், தன் பிரதியைத் தூக்கிக்கொண்டு நேரே கடைக்கு வந்தான்.

"சித்தி, இந்த முப்பத்தேழுல இருக்கிற ஏழு உங்க ஏழுதானே? குறுக்க ஒரு கோடு போடுவீங்களே."

"ஆமாடா," என்றார் அக்கா. "அந்தப் பக்கத்த மட்டும் நின்னு படி. நல்ல மனுஷன் அவரு."