மாஸ்கோவில் கட்டிய திருமுக்கூடல் வீடு

உத்திரமேரூரில் பலர் தமிழில் வந்த அந்த ரஷ்யப் பத்திரிகைக்குச் சந்தா கட்டியது, பிள்ளைகளின் பாடப் புத்தகங்களுக்கு அட்டை போடத்தான். தாள் அவ்வளவு வழவழப்பு. நான் படித்தேன். அதில் அவ்வப்போது ஒரு சினிமாக் கலை இயக்குநர் அம்மாளைப் பற்றித் துணுக்குகள் வரும். அவற்றை வெட்டி, இதழின் தேதியோடு நோட்டில் ஒட்டி வைத்தேன். போர்க்காலத்தில் ஸ்டூடியோவில் வரைபடம் நகலெடுக்கச் சேர்ந்தவர். நடுக்கோடையில் உப்பைக் கொட்டிப் பனித்தெரு அமைத்தவர். அவருடைய படங்களின் வரிசையைப் பத்திரிகையே ஒருமுறை மாற்றிப் போட்டுவிட்டது. சுட்டிக்காட்டி எழுதினேன். எழுபதுகளின் கடைசி அது.

ஆடியில் அந்த அம்மாளிடமிருந்தே பதில் வந்தது. பத்திரிகையின் தமிழ்ப் பிரிவில் யாரோ மொழிபெயர்த்துக் கையால் எழுதியிருந்தார்கள். அடுத்த படத்தில் தமிழ்நாட்டு விவசாயி வீடு ஒன்று வருகிறதாம். மாஸ்கோவிலேயே செட் போடுகிறார்கள். அவரை இவ்வளவு தூரம் அனுப்ப மாட்டார்கள். வாசலில் எவ்வளவு குனிய வேண்டும், அடுப்புப் புகை எந்த வழியாகப் போகும், ஈரத்துணி எங்கே காயும் என்று கேட்டிருந்தார். பென்சில் கோடு போதும், இரண்டு மாதத்துக்குள் வேண்டும்.

திருமுக்கூடலில் என் அக்கா வீட்டை அளந்தேன். ஒரே நாளில் வரைபடம் தயார். அன்றே அனுப்பியிருக்கலாம். ஆனால் பின்கட்டு பிற்பாடு கட்டியது என்றாள் அக்கா. எந்த வருஷம் என்று தெரியாமல் அனுப்ப மனம் வரவில்லை. மாமாவின் பத்திரங்களைப் புரட்டினேன். கூரையில் ஓடு ஏறிய வருஷம் கேட்கக் கிழக் கொத்தனாரைத் தேடிப் பழையசீவரம் போனேன். அவர் ஒரு வருஷம் சொன்னார், அவர் தம்பி வேறொன்று சொன்னார்.

ஐப்பசி மழையில் மறுபடி டேப்போடு போய் நின்றபோது அக்காவுக்குப் பொறுக்கவில்லை.

"அந்தம்மா பொகை எங்க போவுதுன்னு கேட்டாங்க. நீ இன்னாடா, வூட்டுக்கு ஜாதகம் எழுதிக்கினு கீற?"

"தப்பா அனுப்பக் கூடாதுக்கா."

"இன்னும் அனுப்பவே இல்லியே, அது இன்னா ரகம்?"

தை மாதம் அவருடைய இரண்டாவது கடிதம் வந்தது. செட் கட்டி, படம் எடுத்து, பிரித்தும் விட்டார்கள். என் பதில் தபாலில் தொலைந்திருக்கும் என்று வருந்தியிருந்தார். தாமே ஊகித்துக் கட்டினாராம். இதோடு வேலையிலிருந்து ஓய்வு. படம் சென்னைக்கு வரும்போது பார்த்துவிட்டு, வீடு சரியாக இருந்ததா என்று மட்டும் எழுதச் சொன்னார்.

அடுத்த வருஷம் படம் வந்தது. அக்காவையும் கூட்டிக்கொண்டு போனேன். பானைகளை அடுக்கிய விதமும் சுவரில் சாணிக்கை பட்ட தடமும் அச்சு அசல். ஆனால் ஓட்டுக்கு மேலே செங்கல் புகைபோக்கி ஒன்று நின்றது. தலைப்பாகைக்காரர் குனியாமல் வாசலில் நுழைந்தார். அரங்கில் சிரித்தார்கள். அக்காவும் சிரித்தாள். வெளியே வந்ததும் சொன்னாள்:

"பாவம், பாத்துப் பாத்துப் பண்ணிக்கீறாங்க. ரெண்டு வரி எழுதிப் போட்டிருந்தா உனுக்கு இன்னா கொறைஞ்சிருக்கும்?"

ஒரு வாரம் கழித்துப் பதில் எழுதினேன். தபாலைப் பற்றி அவர் நினைத்ததை மறுக்கவில்லை. வீடு எல்லா வகையிலும் சரியாக இருந்தது என்று எழுதி, தேதி போட்டு அனுப்பினேன். அவர் நம்பியிருப்பார். படங்களின் வரிசையில் ஒரு பிசகைக்கூட விடாத ஆள் எழுதியதாயிற்றே.