கிரேன் இல்லாத வெள்ளிக்கிழமை

துருப்பிடித்த கம்பியும் காய்ந்த பாசியும் கலந்த வாடை, அமீரகத்தின் அஜ்மானில் எங்கள் பிளாட்டின் பால்கனியில் எப்போதும் இருக்கும். அப்பா பழுதுபார்க்கக் கொண்டுவரும் மீன்கூடுகளின் வாடை அது. கவிழ்த்த கூடைபோலக் கம்பியால் பின்னிய அந்தக் கூடுகளைக் கடலடிப் பாறைகளுக்கு அருகே இறக்கிவிட்டு, சில நாள் கழித்து எடுப்பார்கள். மிதவை கட்டினால் வேறு யாராவது தூக்கிவிடுவார்கள் என்பதால் கடல்மேல் அடையாளம் எதுவும் இருக்காது. அடையாளம் கரையில் இருந்தது.

எங்கள் குமரிக் கடற்கரையில் அதற்குக் "கணியம்" என்று பெயர். கரையில் முன்னும் பின்னுமாக நிற்கும் இரண்டு பொருள்கள் ஒரே நேராகத் தெரியும்படி படகைக் கொண்டுவந்தால் ஒரு கோடு. வேறு இரண்டைக் கொண்டு இன்னொரு கோடு. இரண்டும் வெட்டுமிடத்தில் கூடு கிடக்கும். ஊரில் மலையும் கோவில் கோபுரமும் செய்த வேலையை அஜ்மானில் பள்ளிவாசல் மினாராவும் தண்ணீர்த் தொட்டியும், ஓட்டல் பெயர்ப்பலகையும் அதன் பின்னே உயர்ந்து நின்ற ஒரு கிரேனும் செய்தன.

நான் நான்காம் வகுப்புப் படித்த ஆண்டு அது. வெள்ளிக்கிழமை விடுமுறையாக இருந்த காலம். கிறிஸ்மஸ் ஸ்டார் இன்னும் பால்கனியில் தொங்கிக்கொண்டிருந்த ஒரு மதியம், அப்பாவோடு படகில் போகும் சேவியர் மாமா, என் அம்மா ரோஸ்லினின் தம்பி, கடலிலிருந்து போன் செய்தார்.

"அக்கா, கிரேனைக் காணல. அத்தான் பேயறைஞ்ச மாதிரி நிக்காரு."

"காணலன்னா? பறந்தா போச்சு?"

"கழட்டிட்டானுவ. இங்கருந்து பாத்தா கட்டடமெல்லாம் ஒண்ணுபோல இருக்கு. நம்ம ஊரு மலைய எவனும் லாரில ஏத்திட்டுப் போவமாட்டான், இது அப்பிடியில்லன்னு அன்னைக்கே சொன்னேன். அர்பாப்பு கத்துறாரு. கூடு மாஃபின்னா ரெண்டுபேரும் கல்லாஸ், ஊருக்குப் போங்கங்காரு."

அர்பாப் என்றால் படகின் முதலாளி; மாஃபி என்றால் இல்லை, கல்லாஸ் என்றால் தீர்ந்தது. அவருடைய கூடுகள் அத்தனையும் அந்த ஓரிடத்தில்தான் கிடந்தன; எங்கள் விசாவோ அவர் கையில்.

கிளினிக்கில் நர்ஸாக இருந்த அம்மா படகில் கால் வைத்தவள் அல்லள். ஆனால் கணியம் பேசும் வீட்டில் பிறந்தவள். சுவர்க் கண்ணாடியை ஆணியிலிருந்து கழற்றிக்கொண்டு, என்னையும் இழுத்தபடி, கிரேன் நின்ற கட்டடத்துக்கு விரைந்தாள். உள்ளே விட முடியாது என்று பட்டாணிய வாட்ச்மேன் குறுக்கே நின்றார்.

"பாஜி, அந்தர் மாஃபி."

"பாய், மேரா ஆத்மி சமுந்தர்ல நிக்காரு!"

தன் புருஷன் கடலில் நிற்கிறார் என்று அம்மா பாதி இந்தியிலும் பாதி தமிழிலும் சொன்னதில் எது புரிந்ததோ, கண்ணாடியை அவரே வாங்கித் தூக்கிக்கொண்டு முன்னால் படியேறினார். மொட்டைமாடி விளிம்பில், கிரேனைப் பிணைத்திருந்த இரும்புத் துண்டங்கள் இன்னும் நீட்டிக்கொண்டிருந்தன. அங்கே நின்று அம்மா சாயும் வெயிலைக் கண்ணாடியால் கடல்பக்கம் திருப்பினாள். போனில் மாமா கத்தினார்.

"அடிக்குது! கண்ணு கூசுதுக்கா!"

"கூசட்டும். ஓட்டல் போர்டுக்கு நேரா வருதான்னு பாருலே."

பிறகு அப்பா அம்மாவிடம் சொல்வது கேட்டது. "ஆட்டாமப் புடி, பிள்ளே."

கண்ணாடி ஆடாமலிருக்க வாட்ச்மேன் ஒரு பக்கம் தாங்கிக்கொண்டார். படகில் அவர்கள் கூட்டைத் தேடிக் கடலடியில் கொக்கியை விட்டு இழுத்துக்கொண்டிருந்தார்கள். போனில் எஞ்சின் சத்தம் மட்டும் வந்தது. கடைசியில், அர்பாபின் கூச்சலையும் மீறி, அப்பா சொன்னார்: "சிக்கிட்டு."

கடலடிப் பாறைத்திட்டை எங்கள் ஆட்கள் "பார்" என்பார்கள். கணியம் போட்டு அதைக் கண்டவரின் பெயரையே அதற்கு வைப்பது வழக்கம். நான் கேள்விப்பட்ட பெயர்கள் எல்லாம் ஆண்களுடையவை. அந்த வாரமே அப்பா அந்த வழக்கத்தை மாற்றினார்.

பசிபிக் தீவுகளின் பாலினீசியர்கள், விண்மீனையும் அலையையும் பார்த்து ஓடம் செலுத்தும் தம் முன்னோரின் அறிவை மீண்டும் பயின்று காத்துவருவதைப் படிக்கும்போதெல்லாம், அந்தப் பெருமையில் ஒரு பங்கு கேட்கத் தோன்றும் எனக்கு.

இன்று அந்த ஓட்டல் இல்லை, எங்கள் பிளாட் இருந்த கட்டடம் இல்லை, முழு வெள்ளிக்கிழமை விடுமுறையும் இல்லை. படகை இப்போது மாமா நடத்துகிறார். ஜி.பி.எஸ். வைத்திருக்கிறார்; ஆனாலும் புதிய கோபுரங்களைக் கொண்டு கணியம் போட்டு, ஜி.பி.எஸ். சரியாகச் சொல்கிறதா என்று சோதிக்கிறார். போன மாதம் துறைக்குப் போனபோது, அவரிடம் வேலை செய்யும் வங்காளதேசத்து இளைஞனிடம் இன்று எங்கே கூடு போடப் போகிறீர்கள் என்று கேட்டேன். நான் யார் மகள் என்று அவனுக்குத் தெரியாது. கயிற்றைச் சுருட்டியபடியே சொன்னான்:

"ரோஸ்லின் பார்."