வெட்டுவதற்காக எழுதிய ஒட்டகம்

பத்தாம் வகுப்போடு நின்றவன், புலம்பெயர்ந்து வந்த சென்ட் லோரன்டில் மருந்துப் போத்தல்களைப் பெட்டியில் அடுக்குகிறவன், ஒரு சினிமா இயக்குநரைப் பற்றி எழுத வந்தது அதிகப்படிதான். பொறுத்துக்கொள்ளுங்கள். நேரில் சொல்ல எனக்குக் கூச்சம்.

எங்கள் பகுதி நூலகத்தில் ஞாயிறுகளில் பழைய ஸ்பானியப் படங்கள் காட்டினார்கள். கோப்பி இலவசம். ஒரு அம்மையார் அந்த இயக்குநரின் கதையைச் சொன்னார். ஐம்பதுகளில் தானே எழுதித் தானே படமெடுத்தவர். அங்கே அப்போது சர்வாதிகார ஆட்சி. எழுதியதை முதலில் தணிக்கைக் குழுவிடம் கொடுக்க வேண்டும். முதல் இரண்டு கதைகளையும் அவர்கள் வெட்டிக் கொத்துரொட்டி போட்டுவிட்டார்கள். மூன்றாவதில் வேண்டுமென்றே ஒரு காட்சியைச் சேர்த்தார்: கத்தோலிக்க ஆயர் ஒருவர் உள்ளாடையோடு கழுதையில் போகிறார். குழு கொதித்தெழுந்து கழுதையை வெட்டியது. மிச்சத்தைத் திருப்தியாக விட்டுவிட்டது. அதன்பின் இருபது வருடம், கதைக்கொரு கழுதையை வெட்டக் கொடுத்துத்தான் அவர் பிழைத்தார். ஆட்சி மாறித் தணிக்கை போனதும், வெட்ட ஆளில்லாமல் கடைசிப் படம் மூன்றரை மணி நேரம் நீண்டதாம்.

எனக்கும் ஒரு குழு இருந்தது. எங்கள் தமிழ்த் தேவாலயப் பங்கின் நத்தார் ஒளிவிழா நாடகத்தை வருடாவருடம் நான் எழுதுவேன், குழு வெட்டும். இம்முறை ஒரு காட்சியை மட்டும் காப்பாற்ற நினைத்தேன். நிறைமாத மனைவிக்கு இடம் தேடும் சூசையப்பர் சத்திரக் கதவைத் தட்டக் கை ஓங்குகிறார், இறக்குகிறார். மூன்று தரம். பேச்சே இல்லை. இந்த ஊருக்கு வந்த முதல் பனிக்காலத்தில், முகவரித் துண்டோடு தெரியாத ஒருவர் வீட்டு வாசலில் நான் அப்படித்தான் நின்றேன்.

ஆகவே வெட்டக் கொடுக்க எனக்கும் ஒரு கழுதை தேவைப்பட்டது. பனியில் பற்றரி செத்த கார்போல ஸ்டார்ட் ஆகாத ஒட்டகத்துக்கு, பாலனைப் பார்க்க வரும் மூன்று இராசாக்களும் வாலில் கேபிள் மாட்டிப் பூஸ்ட் கொடுப்பதாக எழுதினேன்.

குழுத் தலைவர் ஓய்வுபெற்ற மாஸ்டர். வாசித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"ஐசே, ஒட்டகத்துக்குப் பூஸ்டோ?"

"பிழையெண்டால் வெட்டுங்கோ மாஸ்டர்."

"விசரே உமக்கு? சனம் விழுந்து விழுந்து சிரிக்கும். இன்னும் கொஞ்சம் நீட்டும்!"

"அப்ப நேரம் காணாதே," என்றார் பொருளாளர் அக்கா. "இஞ்சை சூசையப்பர் சும்மா நிக்கிறார். அதை எடுப்பம்."

"ஓம், ஆம்பிளை மாதிரி ஒரேயடியாத் தட்டட்டும்," என்றார் மாஸ்டர்.

"மாஸ்டர், அது..."

"என்ன?"

"ஒண்டுமில்லை."

தணிக்கைக்காரருக்குக் கழுதை பிடித்துப்போனால் என்ன செய்வதென்று அம்மையார் சொல்லவில்லை.

ஒளிவிழாவன்று, சத்திரக்காரராகவும் ஒட்டக உடையின் முன்னங்காலாகவும் நடித்தவர் ஒருவரே. பயத்தில் முதலே ஒட்டகத்துக்குள் இறங்கிவிட்டார், உடையின் சிப் இறுகி வெளியே வர முடியவில்லை. மேடையில் சூசையப்பர் தட்டப் போனார். "பொறு! பொறு!" என்று கதவுக்குப் பின்னால் மாஸ்டர். சூசையப்பர் கையை இறக்கினார். மறுபடி ஓங்கினார். "இன்னும் இல்லை!" மூன்றாவது தரமும் இறக்கியபோது மண்டபத்தில் ஒரு குழந்தைகூட அழவில்லை. கடைசி வரிசையில் நான் மூக்கைச் சிந்தினேன்.

பிறகு கதவு திறந்து ஒட்டகம் வந்தது.

"இடம் இருக்கோ?" என்றார் சூசையப்பர்.

"இல்லை," என்றது ஒட்டகம்.

"மெல்லப் போ அண்ணை, நானும் வாறன்," என்றது பின்னங்கால்.

சிரிப்பு அடங்கப் பத்து நிமிடமானது. மாஸ்டர் என் கையைக் குலுக்கினார். "ஒட்டகம் திறம். ஆனா சூசையப்பர் நிண்ட நிலை இருக்கே, அதை வெட்டியிருக்கக் கூடாது ஐசே."

"ஓம் மாஸ்டர்."

மறுநாள் ஒட்டகத்தின் இறுகிய சிப்பை நானே கத்தரித்தெடுத்துவிட்டு, துணியைத் தோய்க்கப் போட்டேன்.