சும்மா இருக்காத கை

இராக்கம்மா எங்கே நடந்தாலும் அவளுடைய வலது கை பாதையோரத்துச் செடிகளைக் கிள்ளிக்கொண்டே போகும். தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்து வாசலில் நிற்கும் செவ்வரத்தையாக இருக்கலாம், கோயில் வேலியில் படர்ந்த கொடியாக இருக்கலாம், பஸ்ஸுக்குக் காத்து நிற்கும் இடத்தில் தானாக முளைத்த புதராகவும் இருக்கலாம். நுனித் துளிரும் அதன் கீழே இரண்டு இலையும் அவள் விரல்களுக்குள் வந்துவிடும். கை நிறைந்ததும் தோளுக்கு மேலாகப் பின்பக்கம் எறிவாள். முதுகில் கூடை இருக்கிறதா என்று அந்தக் கை பார்ப்பதில்லை. முப்பத்து நான்கு வருஷம் கொழுந்து பறித்த கை அது.

பக்கத்து வீட்டு ஜீவராணி, "இராக்கம்மா முன்னால போனா நாம குடை பிடிச்சுக்கிட்டுத்தான் பின்னால போகணும்" என்று சொல்லிச் சிரிப்பாள். ஒரு கல்யாணத்தில் மணவறைக்குப் பக்கத்தில் வைத்திருந்த குரோட்டன் தொட்டியை, உறவுக்காரியோடு பேசியபடியே மொட்டையாக்கிவிட்டாள். மாப்பிள்ளை வீட்டார் மாட்டைத் தேடினார்கள். இராக்கம்மா வாயைத் திறக்கவில்லை. வெட்கம் வந்தால் அவளுக்குப் பேச்சு வராது. சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். மூன்றாம் வகுப்பில் வாத்தியார் கேட்ட கேள்விக்குப் பதில் தெரிந்தும் சொல்லாமல் நின்று அடி வாங்கியவள்.

வேலையிலிருந்து ஓய்வு பெற்ற வருஷம், கொழும்பில் துணிக்கடையில் வேலை செய்யும் மகள் விஜிதா அவளுக்கு ஒரு சுற்றுலாவில் இடம் பிடித்துக் கொடுத்தாள். பதுளையிலிருந்து புறப்பட்டு மூன்று நாள். எல்ல, அப்புத்தளை, ஹோட்டன் சமவெளி, நுவரெலியா, ஹக்கலைப் பூங்கா. பதினெட்டுப் பேர், ஒரு சின்ன பஸ், கூடவே ஒரு வழிகாட்டி.

"மலையில பொறந்து மலையில வேலை செஞ்சவளுக்கு மலையைக் காட்ட ஒரு பஸ்ஸா?" என்றாள் இராக்கம்மா.

"நீ எங்கம்மா மலையைப் பாத்த? கொழுந்தைத்தானே பாத்த" என்றாள் மகள்.



பஸ்ஸில் இருந்தவர்களில் பெரும்பாலோர் பதுளைப் பக்கத்து ஆசிரியர்களும் அலுவலகங்களில் வேலை பார்த்தவர்களும். தோட்டத்திலிருந்து வந்தவள் அவள் ஒருத்திதான். ஜெயமலர் டீச்சர் பக்கத்து இருக்கையைத் தட்டி, "இதிலை இருங்கோ அம்மா" என்றபோது நுனியில் உட்கார்ந்தாள். முன் இருக்கையில் செல்வரத்தினம் ஐயா. கச்சேரி என்கிற மாவட்ட அரசாங்க அலுவலகத்தில் தலைமை எழுதுவினைஞராக இருந்து ஓய்வு பெற்றவர். யாழ்ப்பாணத்துக்காரர். பஸ் புறப்படும் முன்பே முழங்கால் வலியைப் பற்றி எல்லோருக்கும் சொல்லி முடித்திருந்தார்.

வழிகாட்டியின் பெயர் கிஷாந்தன். முப்பது வயது இருக்கும். மைக்கைப் பிடித்துத் தமிழிலும் சிங்களத்திலும் சரளமாகப் பேசினான். தெமோதரை ஸ்டேஷனில் இறங்கியபோது இராக்கம்மாவின் கைப்பையை வாங்கிக்கொண்டு, "நீங்க எந்தத் தோட்டம் பெரியம்மா?" என்று கேட்டான். சொன்னாள். "அட, நாங்க அடுத்த தோட்டம்தான். கீழ்ப்பிரிவு. எங்கம்மாவும் கொழுந்துதான்" என்றான். அதற்குப் பிறகுதான் அவளுக்கு மூச்சு ஒழுங்காக வந்தது.

ரயில் பாதை மலையைச் சுற்றி வந்து தன்னடியிலேயே நுழைவதை மற்றவர்கள் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது அவன் அவளோடு நின்று பேசினான். இரண்டு வருஷமாக இன்னொரு வழிகாட்டிக்கு உதவியாளாகப் போய்வந்தவன். தனியாகக் கூட்டிவரும் முதல் பயணம் இதுதான். முறைப்பாடு எதுவும் இல்லாமல் முடிந்தால் வேலையை நிரந்தரமாக்குவதாகக் கம்பெனியில் சொல்லியிருக்கிறார்கள்.

"இல்லாட்டி கட்டாருக்குத்தான் பெரியம்மா. பாஸ்போட் ஏஜென்சியில கெடக்கு. எம்மகளுக்கு நாலு வயசு. இந்த ட்ரிப் நல்லபடியா முடிஞ்சா போய் அந்தப் பாஸ்போட்ட வாங்கிட்டு வந்துருவேன்."

"நல்லபடியா முடியும்பா" என்றாள் இராக்கம்மா. மனதாரச் சொன்னாள்.

அன்று பிற்பகல் எல்லவுக்கு மேலே ஒரு தேயிலை மலையோரம் பஸ்ஸை நிறுத்தினார்கள். எல்லோரும் செடிகளுக்குள் இறங்கிப் படம் எடுத்தார்கள். யாரோ ஒருவர், "அம்மா, நீங்கள் பறிச்சுக் காட்டுங்கோவன், வீடியோ எடுப்பம்" என்றார். இராக்கம்மா மகள் வாங்கிக் கொடுத்த புதுச் சேலையில் இருந்தாள். மறுக்கவும் தெரியாமல் இறங்கவும் பிடிக்காமல் நின்றபோது, கிஷாந்தன் மைக்கில்லாமலே உரக்கச் சொன்னான்: "அம்மா லீவுல வந்திருக்காங்க. பறிக்கணும்னா பேர் போட்டு ஒரு நாள் சம்பளம் கொடுக்கணும்." எல்லோரும் சிரித்தார்கள். வீடியோ கேட்டவரும் சிரித்தார். அவள் பஸ்ஸுக்குள் போய் உட்கார்ந்துகொண்டாள். ஜீவராணி இருந்திருந்தால்கூட அப்படிச் சட்டென்று கைகொடுத்திருக்க மாட்டாள் என்று நினைத்தாள்.

அன்று அப்புத்தளையில் தங்கினார்கள். மறுநாள் விடியுமுன் புறப்பட்டு, ஒஹிய வழியாக ஹோட்டன் சமவெளிக்கு ஏறினார்கள். வாசலில் காவலர்கள் ஒவ்வொரு பையையும் திறந்து பார்த்து பொலித்தீனை எல்லாம் வாங்கி வைத்தார்கள். குழுவுக்குப் பொறுப்பென்று ஒரு தாளில் கிஷாந்தன் கையெழுத்துப் போட்டான். பிறகு எல்லோரையும் வட்டமாக நிறுத்தி, "இங்க ஒரு புல்லைக்கூடப் பிடுங்கக் கூடாது. பூ, இலை, கல்லு, எதுவும் வேணாம். பாத்துட்டு மட்டும் வருவோம்" என்றான். இராக்கம்மா மற்ற எல்லோரையும்விட அழுத்தமாகத் தலையாட்டினாள்.

'உலக முடிவு' என்று பேர் வைத்திருக்கும் மலை விளிம்புக்குப் போனபோது பனிமூட்டம் வர இன்னும் கொஞ்ச நேரம் இருந்தது. செங்குத்தாக இறங்கும் பாறைக்குக் கீழே, வெகு ஆழத்தில், பச்சைக்குள் வெள்ளைக் கோடுகளாக லயங்கள் தெரிந்தன. இராக்கம்மா கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அந்தக் கோடுகளில் ஒன்றுக்குள் ஒருத்தி இந்நேரம் ரொட்டி சுட்டு முடித்துப் காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக்கு ஓடிக்கொண்டிருப்பாள். மேலே இருந்து ஒருத்தி பார்க்கிறாள் என்று அவளுக்குத் தெரியாது. எத்தனை வருஷம் நாமும் அப்படி இருந்தோம், யார் யார் பார்த்தார்களோ என்று நினைத்தபோது, மகள் சொன்னது சரிதான் என்று பட்டது. பிறகு பனி வந்து எல்லாவற்றையும் மூடிவிட்டது.

அங்கிருந்து அருவிக்குப் போகும் பாதையில் செல்வரத்தினம் ஐயாவின் முழங்கால் மடங்கிவிட்டது. "தம்பி, என்னாலை ஏலாது" என்று வேரொன்றில் உட்கார்ந்தார். கிஷாந்தன் அவர் கையைத் தன் தோளில் போட்டுத் தூக்கினான். அவன் முதுகில் பெரிய பை ஒன்று இருந்தது. மழைச்சட்டைகள், மருந்துப் பெட்டி, எல்லோருக்கும் தண்ணீர்.

"பையை எங்கிட்ட குடுப்பா" என்றாள் இராக்கம்மா.

"பாரம் பெரியம்மா."

"எனக்கா பாரம்? வேலையை விட்டதுலேருந்து முதுகு சும்மா இருக்கேன்னு எனக்கே ஒரு மாதிரியா இருக்கு."

அவன் சிரித்துக்கொண்டு கொடுத்தான். தண்ணீர்ப் போத்தல் எடுக்கத் திறந்த பையின் வாய் மூடாமலே இருந்தது. அதை இருவரும் கவனிக்கவில்லை.

பாதை காட்டுக்குள் இறங்கியது. இரண்டு பக்கமும் இடுப்பளவுச் செடிகள், பனி பட்ட புதுத் துளிரோடு நின்றன. முதுகில் பாரம். காலடியில் ஈர மண். முகத்தில் குளிர். இராக்கம்மா கீழே பார்த்த லயங்களை நினைத்துக்கொண்டு நடந்தாள். செத்துப்போன புருஷனை நினைத்தாள். அவனையும் கூட்டிவந்து இதைக் காட்டியிருக்கலாம் என்று நினைத்தாள். கை தன் வேலையைச் செய்துகொண்டிருந்தது.

அருவியடியில் பையை இறக்கி அவனிடம் கொடுத்துவிட்டு, முகத்தைத் துடைக்கக் கையைக் கொண்டுபோனாள். விரல்களில் பச்சை வாசம். தேயிலை வாசம் இல்லை. கசந்த, புதிய ஒரு வாசம். பெருவிரல் நகத்துக்குள் கறை.

கிள்ளியிருக்கிறேன். எல்லாம் பாதையில் விழுந்திருக்கும் என்று உடனே தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். பையைத் திறந்து பார்க்கட்டுமா? அதற்குள் அவன் பையை முதுகில் மாட்டிப் பட்டியை இறுக்கியிருந்தான். ஐயா அவனைக் கூப்பிட்டார். டீச்சர் அவளைப் படமெடுக்கக் கூப்பிட்டாள். அங்கிருந்து வாசலுக்கு ஒரு மணி நேர நடை. அந்த ஒரு மணி நேரமும் இராக்கம்மா அவனுக்கு நேர் பின்னால் அந்தப் பையைப் பார்த்துக்கொண்டே நடந்தாள். "கொஞ்சம் நில்லுப்பா" என்றால் போதும். அந்த இரண்டு சொல்லும் வரவில்லை. இவ்வளவு பேருக்கு நடுவில், புல்லைக்கூடப் பிடுங்காதே என்று சொன்ன பிறகு, எப்படிச் சொல்வது?

வாசலில் ஒரு காவலர் கிஷாந்தனை நிறுத்தினார். பையின் வாயிலிருந்து ஒரு துளிர் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. பையை மேசைமேல் கவிழ்த்தார்கள். மழைச்சட்டைகளோடு இரண்டு கை கொள்ளும் அளவுக்குத் துளிர் கொட்டியது. இங்கு மட்டுமே வளரும் செடி என்று ஒரு காவலர் சிங்களத்தில் சொன்னார். மருந்துக்கு விற்கவா என்று கேட்டார்.

கிஷாந்தன் ஒரு துளிரை எடுத்துப் பார்த்தான். பிறகு இன்னொன்றை. எல்லாம் ஒரே அளவு. ஒரு நுனி, இரண்டு இலை. கொழுந்து பறிக்கிறவளின் மகன் அவன். தலையைத் தூக்கி இராக்கம்மாவை ஒரு தடவை பார்த்தான்.

அவள் தரையைப் பார்த்தாள்.

"ஆரப்பா போட்டது? போட்ட ஆள் சொன்னால் முடிஞ்சுதே" என்றாள் ஜெயமலர் டீச்சர். இராக்கம்மாவின் கை சேலைத் தலைப்புக்குள் இருந்தது.

"என் பை சேர். என் பொறுப்பு" என்றான் கிஷாந்தன்.

அவனை உள்ளே கூட்டிப்போய் எழுதி வாங்கினார்கள். கம்பெனிக்குப் போன் பண்ணினார்கள். ஒன்றரை மணி நேரம் பஸ்ஸில் காத்திருந்தார்கள். நுவரெலியாவில் வாவியைப் பார்க்க நேரம் இல்லாமல் போனது. செல்வரத்தினம் ஐயா முழங்காலுக்கு எண்ணெய் தடவிக்கொண்டே, "தோட்டத்துப் பெடியன்களை நம்பி அனுப்பினால் இப்பிடித்தான்" என்றார். அந்தப் பேச்சு இராக்கம்மாவின் முகத்தில் அறைந்தது. இப்போது சொல் என்று உள்ளே ஒரு குரல் கேட்டது. நான்தான் ஐயா, அவன் இல்லை. உதட்டை நனைத்துக்கொண்டாள். பஸ் ஒரு வளைவில் திரும்பியது. ஐயா வேறு கதைக்குப் போய்விட்டார்.

மூன்றாம் நாள் ஹக்கலைப் பூங்காவில் கிஷாந்தன் மைக்கில் சொல்ல வேண்டியதை மட்டும் சொன்னான். இராக்கம்மா இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கோத்துக்கொண்டு நடந்தாள். எந்தப் பூவையும் பார்த்த ஞாபகம் அவளுக்கு இல்லை. ஒரு தடவை, ரோஜாத் தோட்டத்துக்குப் பக்கத்தில், அவன் தனியாக நின்றான். அவள் கிட்டப் போனாள்.

"என்ன பெரியம்மா?"

"தண்ணி இருக்காப்பா?"

கொடுத்தான். குடித்தாள்.

மாலையில் பதுளை பஸ் நிலையத்தில் அவளுடைய பையை அவன்தான் இறக்கிக் கொடுத்தான். "பாத்துப் போங்க பெரியம்மா" என்றான். குரலில் கோபம் இல்லை. இருந்திருந்தால் ஒருவேளை சொல்லியிருப்பாள். "சரிப்பா" என்றாள்.

அவனைக் கம்பெனி அதற்குப் பிறகு கூப்பிடவில்லை என்று ஜீவராணி மூலம் தெரியவந்தது. இராக்கம்மா இரண்டு தடவை பதுளைக்குப் போனாள். முதல் தடவை கம்பெனி இருந்த கட்டடத்தின் கீழேயே நின்றுவிட்டுத் திரும்பினாள். இரண்டாவது தடவை பாதிப் படி ஏறினாள். மேலே ஆட்கள் பேசும் சத்தம் கேட்டது. இறங்கிச் சந்தையில் போஞ்சி வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தாள்.

மூன்றாவது தடவை முழுதாக ஏறினாள். அதற்குள் இரண்டரை மாதம் ஓடியிருந்தது. மேசையில் இருந்த றின்ஸா என்ற பிள்ளை, "உக்காருங்க அம்மா, ட்ரிப் புக் பண்ணவா?" என்று கேட்டாள். இராக்கம்மா உட்காரவில்லை. நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். ஒரே மூச்சில் வந்தது. இவ்வளவு லேசாக வரும் என்று அவள் நினைக்கவே இல்லை.

முகாமையாளர் றிஸாத் உள்ளே இருந்து வந்து கேட்டுக்கொண்டு நின்றார். கோபப்படவில்லை.

"இதை அன்னைக்கே ஒரு வார்த்தை சொல்லியிருந்தீங்கன்னா, எச்சரிக்கையோட விட்டிருப்போம் அம்மா. நாங்க அவர்கிட்ட எத்தனை தரம் கேட்டோம். என் பை, என் பொறுப்புன்னே சொன்னார்."

"இப்ப அவனைக் கூப்பிடுங்களேன் ஐயா."

"அவர் போய்ப் பத்து நாளாச்சே அம்மா."

இராக்கம்மா படியில் இறங்கும்போது கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு இறங்கினாள்.

இது நடந்து ஒன்றரை வருஷம் ஆகிறது. கிஷாந்தன் கட்டாரில் ஒரு களஞ்சியத்தில் பெட்டிகள் ஏற்றி இறக்குகிறான். ஊருக்கு வர இன்னும் ஆறு மாதம் இருக்கிறது. அவன் மகள் இந்த வருஷம் பள்ளிக்கூடம் சேர்ந்துவிட்டாள். சுற்றுலா பஸ் வேறொரு வழிகாட்டியோடு தெமோதரைப் பக்கம் வந்துபோகிறது. இராக்கம்மாவின் கை இன்னும் செடிகளைக் கிள்ளுகிறது. தெரிய வரும்போது நிறுத்துகிறாள். கிஷாந்தனின் மனைவியை வெள்ளிக்கிழமைகளில் கோயிலில் காண்கிறாள். அந்தப் பெண் இவளைப் பார்த்துச் சிரிக்கிறாள். அவளிடம் இராக்கம்மா இன்னும் சொல்லவில்லை.