வாசிக்காமல் போட்ட கையெழுத்து

“பஸ் நிற்பதற்கு முன்பே அவசரப்பட்டுக் குதித்தார்.”

இரத்தினபுரி நீதிமன்றத்தில் பஸ்காரர் பக்கத்துச் சட்டத்தரணி இதைச் சிங்களத்தில் வாசித்தபோது எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. குதித்ததாகச் சொன்னது என் கணவரை. அப்படிப் பொலிசில் சொன்னது நானாம்.

அடப்பாவிகளா! றக்வான ரோட்டில், எங்கள் தோட்டச் சந்தியில் பஸ் நின்றது. நான் இறங்கிவிட்டேன். அவர் ஒரு காலைத் தரையில் வைத்து மற்றதை எடுப்பதற்குள் பஸ்ஸை எடுத்துவிட்டார்கள். பின் சக்கரம் ஏறி, முழங்காலுக்குக் கீழே கால் போய்விட்டது. இதைத்தான் பொலிசில் மூச்சுவிடாமல் சிங்களத்தில் சொன்னேன். எழுதி முடித்த சார்ஜன்ட், “வாசித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடுங்கள்” என்று தாளை நீட்டினார். நானும் வரிவரியாகக் கண்ணை ஓட்டி, தலையை ஆட்டி, கையெழுத்துப் போட்டேன்.

எல்லாம் என் திமிர். எங்கள் லயத்து வரிசை வீடுகளில் யாருக்குப் பொலிஸ், ஆஸ்பத்திரி என்றாலும் என்னைத்தான் கூட்டிப்போவார்கள். பக்கத்து வீட்டு அக்காவின் மகன் லொறியில் அடிபட்டுச் செத்தபோதும் நானே பொலிசுக்குப் போய் அவளுக்காகப் பேசினேன். கொடகவெல டவுனில் ஒரு கடையில் வேலை செய்து காதால் பிடித்த சிங்களம் அது. பேச்சில் என்னை யாரும் அசைக்க முடியாது. எழுத்தில் ஒன்றுகூடத் தெரியாது. அதை யாரிடமும் சொன்னதில்லை.

நீதிமன்றத்திலும் மொழிபெயர்ப்பாளர் வேண்டுமா என்று முதலிலேயே கேட்டார்கள். வேண்டாம் என்றவள் நான்.

“இது உங்கள் கையெழுத்தா?” என்று சட்டத்தரணி கேட்டார். ஆமாம் என்றேன். “சிங்களம் தெரியுமா?” நன்றாகத் தெரியும் என்று சிங்களத்திலேயே சொல்லி மாட்டிக்கொண்டேன். ஊன்றுகோலைப் பிடித்தபடி கணவர் என்னையே பார்த்தார்.

நீதிபதி அந்தத் தாளை என்னிடம் கொடுக்கச் சொன்னார். “வாசியுங்கள்” என்றார்.

முறுக்குப் பிழிந்து வைத்தது போல எழுத்துகள் கிடந்தன. வெட்கத்தில் செத்துவிடலாம் போலிருந்தது. ஆனால் நான் வாயை மூடினால் அவர் குதித்ததாகவே வழக்கு முடிந்துவிடும்.

“ஐயா, எனக்குச் சிங்களம் பேச மட்டுந்தான் தெரியும். வாசிக்கத் தெரியாதுங்க” என்றேன், தமிழில்.

நீதிமன்ற மொழிபெயர்ப்பாளர் அதைச் சிங்களத்தில் எடுத்துச் சொன்னார். நீதிபதி சற்று நேரம் எழுதினார். பிறகு, வழக்கின் அடுத்த தவணையில் நாங்கள் இருவரும் நடந்ததை முதலிலிருந்து தமிழிலேயே சொல்லலாம் என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

வெளியே வந்ததும் கணவர் திட்டுவார் என்று நினைத்தேன். திட்டவில்லை.

“அப்ப, பக்கத்து வீட்டுப் புள்ள செத்தப்போ நீ போட்ட கையெழுத்து?” என்று கேட்டார்.

பையன்தான் லொறிக்குக் குறுக்கே ஓடினான் என்று அந்த வழக்கைத் தள்ளிவிட்டார்கள். “எம் புள்ள அப்புடி ஓட மாட்டான்டி” என்று அக்கா மாரில் அடித்துக்கொண்டு அழுதாள். பொலிசில் சரியாகத்தான் எழுதினார்கள், வாசித்துப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டேன் என்று நான் அவளைத் தேற்றியிருந்தேன்.

லயத்துக்கு வந்ததும் எங்கள் வீட்டுக்குப் போகவில்லை. அவள் கதவைத் தட்டினேன்.